கவர்மெண்ட்டு கொடுத்த பிரமாணம்

தையல்காரர்கள் கூட்டுறவுச் சங்கத்தின் செயலாளருக்குத் தெருவில் வழங்கிய பெயர் கவர்மெண்ட்டு. வைத்தவர்கள் கிண்டலாகத்தான் வைத்தார்கள். அவரோ அதைப் பட்டமாக எடுத்துக்கொண்டார். டீக்கடையில் யாராவது, "கவர்மெண்ட்டு போறாரு பாரு" என்றால் காதில் விழாத மாதிரி நடப்பார். நடை மட்டும் கொஞ்சம் நிமிர்ந்துவிடும்.

சங்கம் என்ன செய்கிறது என்று கேட்டால், ஆஸ்பத்திரிக்கும் பள்ளிக்கூடத்துக்கும் சீருடை தைக்கிற இடம் என்று ஒரு வரியில் சொல்லிவிடலாம். அவர் அப்படிச் சொன்னதே கிடையாது. "அது கவர்மெண்ட் சட்டத்துல பதிவான ஸ்தாபனம். பதிவாளரே வந்து தணிக்கை பண்றாரு. எங்களை ஒருத்தரும் அசைக்க முடியாது" என்பார். ஒவ்வொரு வார்த்தையும் உண்மைதான். சொல்கிற தோரணைதான் பொய். கேட்பவர் மனதில் பெரிய கட்டடமும் வாசலில் காவலாளியும் வந்து நின்றுவிடும். உள்ளே போய்ப் பார்த்தால் அச்சகத்துக்கு மேலே ஒரு மாடி, மெஷின் எண்ணெய் வாடை, வெட்டு மேஜைக்கு அடியில் குவிந்து கிடக்கும் துண்டுத் துணி.

மாடிப்படிக்கு மேலே தொங்கிய பலகையும் அவர் ஏற்பாடுதான். அரசு அலுவலகங்களில் இருக்கிற அதே நீல நிறம் வேண்டும் என்று பெயின்டரை அலைக்கழித்து வாங்கினார். அதில் 'அரசு' என்ற வார்த்தை முழங்கை நீளத்துக்கு இருந்தது. அதற்கு அடுத்து வரவேண்டிய 'பதிவு பெற்ற' என்பது, போனால் போகிறதென்று ஒட்டிக்கொண்ட மாதிரி கீழே ஒரு மூலையில் கிடந்தது.

"முதல் வார்த்தை மட்டும் இவ்வளவு பெருசா இருந்தா நல்லா இருக்குமா சார்?" என்று பெயின்டர் கேட்டார்.

"இருக்கும். நீ எழுது."

இந்த ஆசைக்கு ஒரு வேர் உண்டு. அவர் பிறவித் தையல்காரர். அப்பா தையல்காரர், இவரும் மீசை முளைக்கும் முன்பே மெஷினில் உட்கார்ந்தவர். சங்கம் தொடங்கியபோது நாலு எழுத்து ஒழுங்காக எழுதத் தெரிந்தவர் இவர் ஒருவர்தான் என்று நாற்காலியில் உட்கார வைத்தார்கள். அன்றிலிருந்து மற்றவர்கள் பார்க்க மெஷினைத் தொடுவதில்லை என்று ஆனது. சிறு வயதில் இடது ஆள்காட்டி விரலில் நகத்தோடு ஊசி ஏறி, நகம் இரண்டாகப் பிளந்த தழும்பு இருந்தது. அந்தக் கையை எப்போதும் சட்டைப் பைக்கு அருகிலேயே மடக்கி வைத்திருப்பார். பார்ப்பவர்களுக்கு அது அதிகாரியின் தோரணையாகத் தெரிந்தது. தையல்காரன் என்று சொல்லிக்கொள்ள மனிதர் அவ்வளவு வெட்கப்பட்டார். சுற்றிலும் தையல்காரர்களே இருக்கிற ஒரு சங்கத்தில் உட்கார்ந்துகொண்டு இப்படி வெட்கப்பட ஒரு தனித் திறமை வேண்டும்.

அவருக்குப் பெண் பேசியபோது, பெண்ணின் அக்கா மாப்பிள்ளை வேலை செய்யும் இடத்தைப் பார்க்க வந்தாள். தாயில்லாத வீட்டில் தங்கையை வளர்த்தவள் அவள். ஒரு பெரிய ஆயத்த ஆடைக் கம்பெனியில், தைத்து முடித்த துணிகளைச் சரிபார்க்கும் வேலை அவளுக்கு. படியேறும்போது பலகையை ஒரு தடவை பார்த்தாள். கூடத்தைப் பார்த்தாள். பிறகு இவரைப் பார்த்தாள்.

"கவர்மெண்ட் வேலையா?"

"அப்படித்தான்னு வெச்சுக்கங்க" என்றார் இவர்.

அவள் கை நீட்டி, கேட்காமல் கொள்ளாமல், இவருடைய சட்டைக் காலரைத் திருப்பி உள்பக்கத் தையலைப் பார்த்தாள். கட்டை விரலால் ஓரத்தை ஒரு தடவு தடவினாள்.

"இது எங்க தைச்சது?"

"டவுன்ல ஒரு கடையில."

அந்தச் சட்டையை முந்தின நாள் கதவைச் சாத்திக்கொண்டு அவரே தைத்திருந்தார். கடை எது, என்ன பெயர் என்று அவள் கேட்டுவிடுவாளோ என்று பயந்தார். அவள் கேட்கவில்லை. கல்யாணம் நடந்தது.

அந்த அக்காவைச் சங்கத்துக்கு அழைத்து வந்ததும் அவர்தான். மனைவி வழி உறவு என்றாலும் மனைவியோடு சேர்ந்து அவரும் அக்கா என்றுதான் கூப்பிடுவார். அவள் தம்பி என்பாள். சங்கத்தில் சரிபார்க்கும் மேஜைக்கு ஆள் தேவைப்பட்டபோது, கம்பெனி வேலையை விட்டுவிட்டு வரச் சொல்லி வீட்டுக்கே போய்ப் பேசினார்.

"கம்பெனியில எனக்கு ஒரு குறையும் இல்லையே தம்பி" என்றாள் அக்கா.

"அங்க மேனேஜருக்கு மூஞ்சி பிடிக்கலைன்னா நாளைக்கே போன்னு சொல்லிடுவான். இங்க அது நடக்காது. ஒருத்தரைக் கேக்காம கொள்ளாம வெளியே அனுப்ப முடியாது. விதியே இருக்கு."

விதி இருந்தது உண்மை. சங்கத்தின் துணைவிதிகளை எழுதும்போது, அரசு அலுவலகங்களின் நடைமுறையைப் பார்த்து அவர் ஆசை ஆசையாகச் சேர்த்துக்கொண்டது அது. பணியாளர் மீது குற்றச்சாட்டு இருந்தால் எழுத்தில் கொடுத்து, விளக்கம் கேட்டு, அதன் பிறகே நடவடிக்கை எடுக்கவேண்டும் என்று அழகாக எழுதி வைத்திருந்தார். அக்காவுக்கு அதை வாசித்தும் காட்டினார். அவள் அந்தப் பேச்சை நம்பிக் கம்பெனியை விட்டு வந்தாள்.

ஜன்னலோரம் அவளுடைய மேஜை. தைத்த கட்டுகள் கூடத்து மெஷின்களிலிருந்தும் உறுப்பினர்களின் வீடுகளிலிருந்தும் வரும். ஒவ்வொன்றையும் உள்பக்கம் வெளியே வரும்படி திருப்புவாள். அக்குள் தையலை இரண்டு கையாலும் பிடித்து வெடுக்கென்று இழுப்பாள். தேறாத துணியில் சாக்கட்டியால் ஒரு பெருக்கல் குறி விழும். ஆனால் அந்தக் குறியைத் தைத்தவரைக் கூப்பிடாமல் போடமாட்டாள். "இது ஏன் இப்படி ஆச்சு?" என்று கேட்பாள். நூல் சரியில்லை, மெஷின் தையல் தாண்டுது, குழந்தைக்கு உடம்பு சரியில்லை என்று என்னவோ பதில் வரும். முழுசாகக் கேட்டுக்கொள்வாள். கேட்ட பிறகு, அப்போதும் தேறாததென்றால் குறி விழும். திருப்பிக் கொடுத்தாளே என்று யாரும் அவளை வைததில்லை. செக்கர் அக்கா என்றால் எல்லோருக்கும் கொஞ்சம் பயமும் நிறையப் பிரியமும் இருந்தது.

வினை தலைவர் வீட்டிலிருந்து வந்தது. சங்கத் தலைவர் கணீர்க் குரல்காரர். எதிரில் இருப்பவர் தோளைப் பிடித்துக்கொண்டேதான் பேசுவார். அவருடைய தம்பி மனைவி ஆஸ்பத்திரிக்கான அங்கிகளைத் தைக்க எடுத்துப்போய், யாரிடமோ கொடுத்து அரைகுறையாக முடித்துக் கொண்டுவந்தாள். அக்கா இழுத்ததும் அக்குள் பக்கம் பிரிந்துகொண்டு வந்தது. வழக்கம்போல, "ஏம்மா இப்படி?" என்று கேட்டாள். "நான் யாருன்னு தெரியுமில்ல?" என்று பதில் வந்தது. அது துணியைப் பற்றிய விளக்கமாக அக்காவுக்குப் படவில்லை. கட்டு முழுவதிலும் குறி போட்டுவிட்டாள்.

மறுநாள் தலைவர் செயலாளரின் தோளைப் பிடித்தார்.

"அந்தம்மாவை அனுப்பிடு."

"தலைவரே, ஒரு விளக்கம் கேட்டுட்டு..."

"கேட்டா அது எல்லார் எதிர்லயும் எங்க வீட்டுத் துணியை விரிச்சுக் காட்டும். கேக்காதே. கீழ்ப்படியலைன்னு எழுது, அனுப்பு. இல்ல, உன் சொந்தம்னு பாக்கறியா? அப்படின்னா சொல்லு, வேற செயலாளர் பாத்துக்கறேன்."

இந்த இடத்தில் மனிதர் ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். பேசவில்லை. நாற்காலி போய்விடும் என்ற பயத்தில் தலை தானாக ஆடியது. அன்று மதியமே உத்தரவை எழுதினார். நேரில் கொடுக்க முகமில்லை. அக்கா சாப்பிட்டுவிட்டுக் கை கழுவப் போனபோது, கூடத்தின் குறுக்கே வேகமாக நடந்து போய் அவள் மேஜையில் வைத்து, காற்றில் பறக்காமல் இருக்க அவளுடைய சாக்கட்டி டப்பாவையே அதன் மேல் தூக்கி வைத்துவிட்டு, தன் அறைக்குள் வந்து கதவைச் சாத்திக்கொண்டார். கூடத்தில் மெஷின்கள் ஒவ்வொன்றாக நின்றன. யாரோ ஏதோ கேட்டார்கள். அக்காவின் குரல் கேட்கவில்லை. வெகு நேரம் கழித்துக் கதவைத் திறந்தபோது மேஜை துடைத்து வைத்திருந்தது. அந்தச் சுத்தத்தைப் பார்க்க அவருக்கு உடம்பு கூசியது.

வீட்டில் மனைவி கத்தவில்லை. கத்தியிருந்தால் பதிலுக்குக் கத்தித் தப்பித்திருப்பார்.

"அக்காவைக் கேட்டீங்களா?" என்றாள்.

"தலைவர்தான் உடனே..."

"நான் தலைவரைப் பத்திக் கேக்கல. நீங்க கேட்டீங்களா?"

அவர் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டுவதில் மும்முரமாகிவிட்டார்.

கம்பெனி அக்காவை மறுபடி எடுத்துக்கொள்ளவில்லை. அவள் ஒரு வக்கீலைப் பிடித்தாள். சிறு வயதுப் பெண், வழக்கு கிடைத்தால் போதும் என்று ஓடி உழைக்கிற பருவம். கேட்காமல் வேலையைப் பறித்தது செல்லாது, மேஜையைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லுங்கள் என்று உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டார்கள். நோட்டீஸ் வந்த அன்று செயலாளருக்கு உள்ளுக்குள் ஒரு நிம்மதிகூட வந்தது. நீதிமன்றம் சொல்லிவிட்டால் தலைவரும் வாயை மூடிக்கொள்வார், அக்காவும் வந்துவிடுவாள், நாமும் யாரையும் எதிர்த்ததாக இருக்காது என்று ஒரு கணக்குப் போட்டார். தைரியமில்லாதவர்கள் நியாயத்தைக் கூட வேறு யாராவது வந்து செய்துவிட்டுப் போகட்டும் என்றுதான் காத்திருப்பார்கள்.

சங்கத்தின் வக்கீல் அந்த நிம்மதியை நிலைக்க விடவில்லை. அவர் அறையில் நாற்காலிகளின் மேலெல்லாம் புத்தகம். தலைவர் மட்டும் உட்கார்ந்தார், இவர் நின்றார்.

"விளக்கம் கேட்டீங்களா?" என்றார் வக்கீல்.

"இல்லைங்க."

"அப்ப உள்ளே போனா நாம காலி. அதனால கேள்வி உள்ளே போகவே கூடாது. வாசல்லயே நிறுத்தணும். ரிட்டுங்கறது என்ன? கவர்மெண்ட்டும் கவர்மெண்ட் மாதிரி அதிகாரம் உள்ளவங்களும் தப்புப் பண்ணா, நேரா உயர் நீதிமன்றத்துல கேள்வி கேக்கிற வழி. நீங்க கவர்மெண்ட்டா?"

தலைவர் இவரைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார். "இவர்கிட்டயா சார் கேக்கறீங்க? ஊரே அப்படித்தான் கூப்பிடுது."

"அதெல்லாம் இல்லைன்னு பிரமாணம் கொடுக்கணும். நாலு தையல்காரங்க தங்கள் சொந்த நன்மைக்குச் சேர்ந்து நடத்துற அமைப்பு, அரசுக்கு இதுல பங்கும் இல்ல, பிடியும் இல்ல, பொதுக்கடமைன்னு ஒண்ணும் இல்ல. அவ்வளவுதான்."

"பதிவாளர் தணிக்கை பண்றாருங்களே" என்றார் இவர். ஏன் சொன்னார் என்று அவருக்கே தெரியாது. பழக்கம்.

"கடைக்காரருக்கு லைசென்ஸ் யார் தர்றாங்க? அதுக்காக அந்தக் கடை கவர்மெண்ட் ஆயிடுமா?" வக்கீல் பேனாவை மூடினார். "நீங்க முன்னாடி என்ன தொழில்?"

இவருக்குப் பதில் தலைவர்தான் சொன்னார். "தையல்காரர்தான் சார். நல்ல கை. இப்ப மெஷின்ல உக்கார மாட்டாரு, கௌரவம்."

"ரொம்ப நல்லதாப் போச்சு. அதையும் போடுவோம்."

பிரமாணப் பத்திரம் தயாரானது. உண்மை என்று சத்தியம் செய்து அவர் கையெழுத்துப் போட்டார். வாழ்நாளில் தன்னைப் பற்றி முழு உண்மையை எழுதிக் கையெழுத்திட்டது அதுதான் முதல் தடவை. அதையும் ஒருத்தியின் பிழைப்பைக் கெடுப்பதற்காகப் போட்டோமே என்று பேனாவை வைத்த பிறகுதான் உறைத்தது.

நீதிமன்ற அறையில் அக்கா கடைசி வரிசையில், மடியில் துணிப்பையோடு உட்கார்ந்திருந்தாள். இவர் பார்க்காதவர் மாதிரி முன்வரிசைக்குப் போனார். அவர்கள் வழக்கைக் கூப்பிட்டதும் சங்கத்து வக்கீல் எழுந்து, மனுவே இங்கே நிற்காது என்று தொடங்கினார். பிரமாணத்தை வாசித்தார். "இச்சங்கத்தின் செயலாளரும் அடிப்படையில் ஒரு தையல்காரரே அன்றி, அரசு ஊழியர் அல்லர்" என்ற வரியை அவர் கணீரென்று படித்தபோது இவருக்குக் காது இரண்டும் சுட்டது. ஒளித்து ஒளித்து வைத்தது இப்படியா அம்பலத்துக்கு வரவேண்டும்! கை தானாக மடங்கிக்கொண்டது.

அக்காவின் வக்கீல் விடவில்லை. இவர்கள் தைப்பது ஆஸ்பத்திரிக்கும் பள்ளிக்கூடத்துக்கும், அது பொது வேலை இல்லையா என்றாள். பிறகு ஒரு புகைப்படத்தை மேலே நீட்டினாள். பலகையின் படம்.

நீதிபதி அதைக் கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பார்த்தார். "செயலாளர் வந்திருக்காரா?"

அவர் எழுந்தார்.

"நீங்க கவர்மெண்ட்டா?"

சங்கத்திலிருந்து வேடிக்கை பார்க்க வந்திருந்த இரண்டு பேர் வாயைப் பொத்திக்கொண்டார்கள். நீதிபதிக்கு அவருடைய பட்டப்பெயர் தெரிய வழியில்லை.

"இல்லைங்க ஐயா."

"பலகை வேற மாதிரி சொல்லுதே?"

"பதிவு பெற்றதுன்னு கீழே இருக்குதுங்க ஐயா."

"அதைப் பாக்கப் பூதக்கண்ணாடி வேணும் போலிருக்கே" என்றார் நீதிபதி. அறை முழுவதும் சிரித்தது. அவர் உட்காரலாமா நிற்கலாமா என்று தெரியாமல் பாதி குனிந்தபடி இருந்தார்.

சிரிப்பு அடங்கியதும் நீதிபதி அக்காவின் வக்கீலைக் கேட்டார். "விளக்கம் கேட்டுட்டுத்தான் அனுப்பணும்னு எங்கேம்மா இருக்கு? சட்டத்துலயா, இவங்க துணைவிதியிலயா?"

"துணைவிதியில, ஐயா."

"அதுதான் சிக்கல். சட்டம் ஒரு கடமையைச் சுமத்தி, அதைச் சங்கம் மீறினா, சங்கமா இருந்தாலும் நான் கேள்வி கேப்பேன். துணைவிதிங்கறது இவங்களே இவங்களுக்குள்ள போட்டுக்கிட்ட பேச்சு. பலகையில பெருசா எழுதினதால ஒரு சங்கம் அரசாங்கம் ஆயிடாது. அந்தப் பேச்சைக் காப்பாத்தச் சொல்லி இங்கேயிருந்து ரிட் போகாது. கூட்டுறவுச் சட்டத்துல இதுக்குன்னு பதிவாளர் இருக்காரு. அங்க போகட்டும்." பிறகு இவர் பக்கம் ஒரு பார்வை பார்த்தார். "அவங்களே போட்ட பேச்சு. அவங்களே காப்பாத்தியிருக்கலாம்."

மனு தள்ளுபடி ஆனது. வராந்தாவில் தலைவர் இவர் தோளைப் பிடித்து உலுக்கினார். "ஜெயிச்சுட்டோம்யா கவர்மெண்ட்டு!" சற்றுத் தள்ளி அக்கா தன் வக்கீலிடம் மெதுவாகப் பேசிக்கொண்டிருந்தாள். வேண்டாம் வேண்டாமென்று நினைத்தாலும் அது இவர் காதில் விழுந்தது.

"அப்ப இங்கயும் என்னை ஒண்ணுமே கேக்கலையேம்மா?"

அவள் கோபத்தில் கேட்கவில்லை. அங்கே ஒருமுறை, இங்கே ஒருமுறை தன்னைக் கேட்காமல் விட்டார்களே என்று உண்மையாகவே விளங்காமல் கேட்டாள். தையல்காரன் என்று நாலு பேர் எதிரில் சொன்னார்களே என்று சற்று முன்புவரை இவர் புழுங்கிக்கொண்டிருந்தார். அக்காவின் கேள்வி காதில் விழுந்ததும் அந்தப் புழுக்கம் எவ்வளவு அற்பம் என்று தெரிந்தது. நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. தலைவர் வாங்கித் தந்த டீயை அப்படியே வராந்தாச் சுவரில் வைத்துவிட்டார்.

அன்று வீட்டில் மனைவி தட்டை வைத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தாள்.

"இன்னிக்கு உண்மையைத்தானே சொன்னீங்க?"

"ஆமா."

"பிறகு ஏன் முகம் இப்படி இருக்கு?"

அவர் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

அக்கா பதிவாளரிடம் மனு கொடுத்தாள், அவர் அலுவலகத்தில் விசாரணைக்கு நாள் குறித்தார்கள். சங்கத்து வக்கீல் புதிதாக ஒரு பதிலைத் தயாரித்து அனுப்பினார். அந்தம்மா சங்கத்தின் பணியாளரே இல்லை, அவ்வப்போது வந்து உதவியவர், அதனால் விளக்கம் கேட்கும் விதி அவருக்குப் பொருந்தாது என்று அதில் இருந்தது. செயலாளர் கையெழுத்துப் போடவேண்டும். அக்கா உட்கார்ந்து உட்கார்ந்து வழவழப்பாகிப்போன ஸ்டூல் அவர் அறை வாசலிலிருந்து பார்த்தால் தெரியும். அவர் அந்தக் காகிதத்தை மேஜை இழுப்பறைக்குள் தள்ளினார். "போட்டாச்சா?" என்று தலைவர் கேட்டபோதெல்லாம் மென்று விழுங்கினார். விசாரணை நாளில் வெறுங்கையோடு போய் நின்றார். அது வீரமில்லை. ஒரு தடவை கூசிய உடம்பு இன்னொரு தடவை அதற்கு இணங்கவில்லை, அவ்வளவுதான்.

பதிவாளரின் அறை சின்னது. ஒரு மேஜை, கிறீச்சிடும் மின்விசிறி. வக்கீல்கள் யாரும் வரவில்லை. தலைவர் ஒரு பக்கம், அக்கா ஒரு பக்கம், நடுவில் இவர்.

"இந்தம்மாவை அனுப்பறதுக்கு முன்னாடி விளக்கம் கேட்டீங்களா?" என்றார் பதிவாளர்.

தலைவர் தொண்டையைக் கனைத்தார். "அவங்க நம்ம பணியாளரே..."

"கேக்கலைங்க" என்றார் செயலாளர்.

"யோவ்" என்று தலைவர் அடிக்குரலில் உறுமினார்.

"பணியாளர்தாங்க. நான்தான் கூட்டிட்டு வந்தேன். கேக்காம அனுப்ப மாட்டோம்னு நானே விதியை வாசிச்சுக் காட்டித்தான் கூட்டிட்டு வந்தேன். கேட்டா என்ன சொல்லுவாங்கன்னு தெரியும். அவங்க சொல்றதுதான் சரின்னும் தெரியும். அதனாலதான் கேக்கல."

பதிவாளர் எழுதிக்கொண்டார். பிறகு அக்கா பக்கம் திரும்பினார்.

"நீங்க சொல்லுங்கம்மா. என்ன நடந்துச்சு?"

அக்கா கேள்வி தனக்குத்தானா என்று ஒரு தடவை பக்கத்தில் பார்த்துக்கொண்டாள். புடவைத் தலைப்பை இழுத்து முகத்தைத் துடைத்தாள். அப்புறம் அங்கி வந்தது, இழுத்தது, பிரிந்தது, கேட்டது, பதில் வந்தது என்று ஒன்று விடாமல் சொன்னாள். "ஒரு துணியில குறி போடறதுக்கே தைச்சவங்களைக் கூப்பிட்டுக் கேப்பேங்க. எனக்குக் குறி போடறப்ப என்னை யாரும் கூப்பிடல" என்று சொல்லும்போதுதான் குரல் உடைந்தது. இவர் மேஜையின் ஓரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

உத்தரவு செல்லாது, அந்த அம்மாவை அவருடைய மேஜையிலேயே உட்கார வைக்கவேண்டும் என்று முடிந்தது. தலைவர் விருட்டென்று எழுந்தார். "அந்த நாற்காலியில இனி நீ எப்படி உக்காருறேன்னு பாக்கறேன். பழையபடி மெஷினைத் துடைச்சு வை" என்று சொல்லிவிட்டுப் போனார். அதைச் செய்யக்கூடியவர்தான். இவருக்கும் அதில் சந்தேகமில்லை.

வெளியே படிக்கட்டில் அக்கா செருப்பைத் தேடிக்கொண்டிருந்தாள். இவர் இரண்டு படி கீழே இறங்கி, மறுபடி ஏறி வந்தார்.

"அக்கா, என்னை மன்னிச்சுடுங்க."

"மேஜையில வெச்சுட்டு ஓடினீங்க பாருங்க, அதுதான் தம்பி வலிச்சுது" என்றாள் அவள். "கையில கொடுத்திருந்தா வாங்கிட்டுப் போயிருப்பேன்."

அவருக்கு இன்றைக்கு வாய் திறந்ததோடு எல்லாவற்றையும் சொல்லிவிடுவோம் என்று தோன்றியது.

"இன்னொண்ணும் இருக்குக்கா. நீங்க முதல் முதல்ல பாக்க வந்தப்ப ஒரு சட்டை போட்டிருந்தேன். கடையில தைச்சதுன்னு சொன்னேன். அது..."

"நீங்க தைச்சது. தெரியும்."

"எப்படி?"

"விரல்ல ஊசி ஏறின தழும்பு. அதை ஒளிச்சு ஒளிச்சு வெச்சீங்க. ஒளிச்சதாலதான் பாத்தேன்." அவள் செருப்பை மாட்டிக்கொண்டாள். "வீட்டுக்குப் போனதும் அப்பா, என்ன வேலைன்னு கேட்டாரு. பலகையில என்னவோ பெருசா எழுதியிருக்கு, எனக்கு ஒண்ணும் விளங்கல, ஆனா காலரோட ரெண்டு முனையும் ஒண்ணு போல இருக்கு, இவ்வளவு பொறுமையா தைக்கிறவன் பொண்டாட்டியைப் பட்டினி போட மாட்டான்னு சொன்னேன். அதுக்குத்தான் பொண்ணு கொடுத்தாங்க."

அவர் மடக்கிய கையோடு நின்றார்.

"அவளுக்குத் தெரியுமா?"

"உங்க பொண்டாட்டிக்கா? எங்க வீட்டுல எல்லாருக்குமே தெரியும் தம்பி. சொன்னா நீங்க வெக்கப்படுவீங்கன்னுதான் இத்தனை வருஷமா யாரும் சொல்லல."